எஃப்1-க்குக் கீழே ஒரே ஒரு சீசன் பார்ப்பதென்றால் எதைப் பார்க்கலாம்?

கேள்வி இது: "சில வருடங்களாக எஃப்1 (ஃபார்முலா 1 கார் பந்தயம்) பார்க்கிறேன். பியாஸ்ட்ரி, லாசன் மாதிரி ஓட்டுநர்கள் எல்லாம் எங்கிருந்து வந்தார்கள் என்று தெரிந்துகொள்ள ஆசை. ஜூனியர் பந்தயங்களில் ஒரு சீசனை மட்டும் முழுதாகப் பார்க்க நேரம் இருக்கிறது. எதைப் பார்ப்பது, எதைக் கவனிப்பது?"

2020 ஃபார்முலா 3, அதாவது எஃப்1-க்கு இரண்டு படி கீழே இருக்கும் பந்தயம். வேறு எதையும் யோசிக்க வேண்டாம்.

பலர் எஃப்1-க்கு ஒரு படி கீழே இருக்கும் ஃபார்முலா 2-இன் 2021 சீசனைச் சொல்வார்கள். அதுவும் பியாஸ்ட்ரி ஜெயித்த சீசன்தான். ஆனால் அதில் அவர் வேகமாக இருந்தார், ஜெயித்தார், கதை முடிந்தது. 2020-இல் அவர் எல்லோரையும்விட வேகமாக இல்லை. இருந்தும் ஜெயித்தார். அது எப்படி என்பதில்தான் சுவாரஸ்யம்.

முதலில் கணக்கைப் பாருங்கள். மொத்தம் 18 பந்தயம். சாம்பியன் ஆஸ்கர் பியாஸ்ட்ரி ஜெயித்தது இரண்டே இரண்டு. லியம் லாசன் மூன்று ஜெயித்தார், புள்ளிப் பட்டியலில் ஐந்தாவது. ஃபிரெடரிக் வெஸ்டியும் மூன்று ஜெயித்தார், அவர் நான்காவது. பியாஸ்ட்ரி அந்த வருடம் ஒரு தடவைகூட போல், அதாவது தகுதிச் சுற்றில் முதலிடம், எடுக்கவில்லை. அவருடைய சொந்த அணியிலேயே இருந்த லோகன் சார்ஜென்ட் மூன்று போல் எடுத்தார். அப்போது ஒரு போலுக்கு 4 புள்ளி, ஆக அதிலேயே 12 புள்ளி சார்ஜென்ட் முன்னால். கடைசியில் பட்டியல் இப்படி முடிந்தது: பியாஸ்ட்ரி 164, தியோ பூர்ஷேர் 161, சார்ஜென்ட் 160.

இது எப்படி சாத்தியம் என்று புரிய, அந்த வருடம் வார இறுதி எப்படி நடந்தது என்று கொஞ்சம் தெரிய வேண்டும். வெள்ளிக்கிழமை, யார் எந்த இடத்தில் கிளம்புவது என்று முடிவு செய்யும் அரை மணி நேரத் தகுதிச் சுற்று. அதன்படி சனிக்கிழமை முதல் பந்தயம். அதில் முதல் பத்து இடம் வந்தவர்களை அப்படியே தலைகீழாக நிறுத்தி ஞாயிறு காலை இரண்டாவது பந்தயம். முதல் பந்தியில் கடைசி இலை கிடைத்தவருக்கு அடுத்த பந்தியில் முதல் இலை, அவ்வளவுதான். சனிக்கிழமை ஜெயித்தவர் ஞாயிறு பத்தாவதாகக் கிளம்புவார், பத்தாவது வந்தவர் முதலில் நிற்பார். பதினொன்றாவது வந்தவருக்கு எதுவும் இல்லை, அவர் பதினொன்றாவதாகவே நிற்க வேண்டும். பத்துக்கும் பதினொன்றுக்கும் நடுவில் இருக்கும் அந்தக் கோடுதான் இந்த சீசனின் உயிர்நாடி. சனிக்கிழமை பந்தயத்தின் கடைசிச் சுற்றுகளில் கேமரா முதலிடத்தையே காட்டிக்கொண்டிருக்கும். நீங்கள் பத்தாவது இடத்தைத் தேடிப் பாருங்கள், உண்மையான அடிதடி அங்கேதான் நடக்கும்.

கார் எல்லோருக்கும் ஒன்றே. அந்த வருடம் டல்லாரா சேசிஸ், மெக்காக்ரோம் வி6 என்ஜின், 380 குதிரைத்திறன், பிரெல்லி டயர். டயர் மாற்ற நடுவில் நிற்கும் பிட் ஸ்டாப் கட்டாயம் இல்லை. கிளம்பியபோது இருந்த டயரோடுதான் பெரும்பாலும் முடிப்பார்கள். பத்து அணி, அணிக்கு மூன்று பேர், ஆக 30 கார். முதல் வளைவுக்கு 30 காரும் ஒன்றாகப் போகும்போது என்ன ஆகும் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

அந்த வருடம் கொரோனா வேறு. வசந்தத்தில் ஆரம்பிக்க வேண்டிய சீசன் ஜூலை 4-ஆம் தேதி ஆஸ்திரியாவின் ரெட்புல் ரிங்கில்தான் ஆரம்பித்தது. அங்கேயே அடுத்த வாரம் மறுபடியும். பிறகு ஹங்கேரி. இரண்டு வாரம் கழித்து சில்வர்ஸ்டோன், திரும்பவும் சில்வர்ஸ்டோன், பார்சிலோனா. இன்னொரு சின்ன இடைவெளி, ஸ்பா, மோன்சா, முஜெல்லோ. செப்டம்பர் 13-இல் எல்லாம் முடிந்துவிட்டது. மூன்று மூன்று வாரமாகத் தொடர்ந்து ஓட்டம். ஒரு ஞாயிறு சொதப்பினால் உட்கார்ந்து யோசிக்க அவகாசம் இல்லை, ஐந்தாம் நாள் அடுத்த தகுதிச் சுற்று வந்து நிற்கும். இந்திய நேரப்படி ஞாயிறு மதியச் சாப்பாட்டு நேரத்துக்குத்தான் பந்தயம். ஊரடங்கில் வீட்டில் அடைந்து கிடந்த எனக்கு அது பெரிய வசதியாகப் போயிற்று.

சரி, கதைக்கு வருவோம். பிரெமா என்று ஓர் இத்தாலிய அணி, அப்போது ரோசின் குடும்பம் நடத்தி வந்தது. ஜூனியர் பந்தயத்தில் அந்தப் பெயரைச் சொன்னாலே மரியாதை. முந்தைய வருடம், 2019-இல், ஃபார்முலா 3 பட்டியலின் முதல் மூன்று இடமும் அவர்களுடையது. அதில் மூன்றாவது நம் மும்பைப் பையன் ஜெஹான் தாருவாலா. 2020-க்கு அவர்கள் புதிதாக மூன்று பேரை எடுத்தார்கள்: மெல்போர்னிலிருந்து வந்த பியாஸ்ட்ரி, ஃபுளோரிடாவிலிருந்து வந்த சார்ஜென்ட், டென்மார்க்கின் வெஸ்டி. மூன்று பேருக்கும் ஒரே கார், ஒரே பட்டறை, ஒரே தகவல். ஆகவே "அவன் கார் நல்லா இருந்துச்சு" என்ற சாக்கு இங்கே எடுபடாது.

முதல் பந்தயத்திலேயே பியாஸ்ட்ரி மூன்றாவதாகக் கிளம்பினார். முதல் வளைவில் மூன்று கார் பக்கத்தில் பக்கத்தில் நுழைந்தது. போலில் நின்ற செபாஸ்டியன் ஃபெர்னாண்டஸ் சுழன்று வெளியே போனார், பியாஸ்ட்ரி முன்னால் போய்விட்டார். அறிமுகப் பந்தயத்திலேயே வெற்றி. இதைப் பார்த்துவிட்டு இனி இவர் ஓட்டம்தான் என்று நினைத்தவர்கள் அடுத்த வெற்றிக்கு ஆகஸ்ட் நடுவில் பார்சிலோனா வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதுதான் அவருடைய இரண்டாவது வெற்றி, கடைசியும்கூட.

நடுவில் பிரான்ஸிலிருந்து வந்த பூர்ஷேர் எல்லோரையும் திகைக்க வைத்தார். அப்போது வயது 16. ரெட்புல் ரிங்கின் இரண்டாம் வாரத்தில் ஒன்று, ஹங்கேரியில் ஒன்று என அடுத்தடுத்த பந்தயங்களில் ஜெயித்தார். முந்தைய வருடம்தான் ஜெர்மன் ஃபார்முலா 4 பட்டம் வாங்கிய பையன் அவர். சில்வர்ஸ்டோனில் சார்ஜென்ட் வேகம் எடுத்தார். இரண்டு வாரமும் போல், ஒரு வெற்றி, ஆகஸ்டில் பட்டியலின் தலைமையும் அவரிடம் வந்தது. அந்த மாதம் என்னிடம் கேட்டிருந்தால் சாம்பியன் சார்ஜென்ட்தான் என்று பந்தயமே கட்டியிருப்பேன்.

பியாஸ்ட்ரிக்கு அந்தக் கோடை சரியாக அமையவில்லை. டிஆர்எஸ் இறக்கை (நேர்ப்பாதையில் திறந்து வேகம் கூட்டும் பின் இறக்கை) ஒழுங்காகத் திறக்காத கோளாறு அவரைப் பாடாய்ப் படுத்தியது. தகுதிச் சுற்றில் அது திறக்காவிட்டால் நேர்ப்பாதையில் வேகம் போச்சு, கிளம்பும் இடமும் போச்சு. ஆனால் அவர் நடுவிலிருந்து கிளம்பி, யாருடனும் இடித்துக்கொள்ளாமல், நான்கு புள்ளி, ஆறு புள்ளி என்று பொறுக்கிக்கொண்டே இருந்தார். ஹைலைட்ஸில் இது தெரியவே தெரியாது. முழுப் பந்தயம் பாருங்கள் என்று நான் சொல்வதற்கு இதுதான் காரணம்.

மோன்சாவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். அங்கே நேர்ப்பாதைகள் நீளம். முன்னால் போகிற காரின் காற்று மறைவில் ஒட்டிக்கொண்டால் நேரம் நன்றாகக் குறையும். இருங்காட்டுக்கோட்டைப் பந்தயத் தளத்தில் வேலியோரம் நின்று ஃபார்முலா எல்ஜிபி கார் பந்தயம் பார்த்தவர்களுக்கு இது பழகிய சங்கதி. அங்கேயும் நாலைந்து கார் ரயில் பெட்டி மாதிரி ஒட்டிக்கொண்டே வரும். மோன்சா தகுதிச் சுற்றில் இது விபரீதமாகிவிடும். எல்லோருக்கும் பின்னால் போகத்தான் ஆசை, முன்னால் போக ஆளில்லை. அதனால் 30 பேரும் மெதுவாக உருட்டிக்கொண்டு, நீ முதலில் போ, நீ போ என்று நிற்பார்கள். பின்னால் வேகமாக வருகிறவருக்கு வழி இருக்காது. அந்த வருடம் இதற்காகப் பலருக்கும் தண்டனை விழுந்தது, பியாஸ்ட்ரிக்கும் விழுந்தது. சனிக்கிழமை 15-ஆவதாகக் கிளம்ப வேண்டிய நிலை.

முடிக்கும்போது மூன்றாவது. என்னைக் கேட்டால் அவருடைய இரண்டு வெற்றியைவிட இதுதான் அந்த சீசனில் அவருடைய சிறந்த ஓட்டம். பார்க்கும்போது ஒன்றைக் கவனியுங்கள்: முதல் சிக்கேனில் (வேகத்தைக் குறைக்க வைக்கும் இடம்-வலம் வளைவில்) முன்னால் இருக்கும் இரண்டு பேர் சண்டை போட ஆரம்பித்தால், அவர் அந்த இடைவெளியில் மூக்கை நுழைப்பதில்லை. அவர்கள் பிரேக்கைத் தாமதமாக அழுத்தி அகலமாகப் போகும் வரை விட்டுவிட்டு, வெளியே வரும்போது வேகம் பிடித்து, அடுத்த நேர்ப்பாதையில் ஒரே மூச்சில் தாண்டுவார். மறுநாளே மோதலில் பந்தயம் முடிந்துவிட்டது என்பது வேறு கதை. அதற்குள் பட்டியலில் சார்ஜென்டைவிட 8 புள்ளி முன்னால் வந்துவிட்டார்.

அப்புறம் முஜெல்லோ. எஃப்1 அங்கே முதன்முறையாக நடந்த வாரம், ஃபெராரியின் ஆயிரமாவது கிராண்ட் பிரீ என்று கொண்டாட்டம். ஃபார்முலா 3-இல் சனிக்கிழமை பியாஸ்ட்ரி 11-ஆவது. ஆமாம், அந்தக் கோட்டுக்கு ஒரே ஒரு இடம் கீழே. புள்ளியும் இல்லை, ஞாயிறு நல்ல இடமும் இல்லை. சார்ஜென்ட் ஆறாவது வந்து 8 புள்ளி எடுத்தார். இருவரும் 160. பூர்ஷேர் 151. கடைசிப் பந்தயத்துக்கு சார்ஜென்ட் ஐந்தாவதாக நிற்கிறார், பியாஸ்ட்ரி பதினொன்றாவது.

சார்ஜென்டின் பந்தயம் முதல் சுற்றைத் தாண்டவில்லை. லிரிம் ஜென்டெலி என்ற ஓட்டுநரோடு மோதல், கார் நின்றுவிட்டது. ஓர் ஆண்டு உழைப்பு சில நொடியில் கரைந்தது. ஆனால் பியாஸ்ட்ரிக்கு வேலை முடிந்துவிடவில்லை, இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். முன்னால் பூர்ஷேர் மூன்றாவது இடத்துக்கு வந்துவிட்டார், அதாவது 161. பியாஸ்ட்ரி புள்ளி எடுக்காமல் இருந்திருந்தால் பட்டம் 16 வயதில் சீசனை ஆரம்பித்த அந்தப் பையனுக்குப் போயிருக்கும். பியாஸ்ட்ரி ஏழாவது வந்தார், 4 புள்ளி. அன்று ஜெயித்தது லாசன். ஆனால் எல்லோர் கண்ணும் ஏழாவது இடத்தில் இருந்தது.

இதற்குப் பின்னால் நடந்ததையும் தெரிந்துகொண்டு பார்த்தால் சீசன் வேறு மாதிரி தெரியும். ஃபார்முலா 3-இல் ஓர் ஆண்டு ஓட்ட ஒரு மில்லியன் யூரோவைச் சுற்றி ஆகும் என்பார்கள், ஃபார்முலா 2-க்கு அதைவிட அதிகம். பட்டத்தைக் கடைசிப் பந்தயத்தில் இழந்த சார்ஜென்டுக்கு அடுத்த படிக்குப் போகப் பணம் இல்லை. 2021-இல் சிறிய அணியான சரூஸோடு அதே ஃபார்முலா 3-இல் இன்னொரு வருடம் ஓட்டினார், சோச்சியில் அவர்களுக்கு ஒரு வெற்றியும் வாங்கிக் கொடுத்தார். பிறகு வில்லியம்ஸ் அணி கைகொடுத்து எஃப்1 வரை போய், ஒரே ஒரு புள்ளியோடு 2024 நடுவில் வெளியே வந்தார். எஃப்1-இல் அவரை மட்டும் பார்த்துவிட்டுக் கேலி செய்கிறவர்கள் சில்வர்ஸ்டோன் 2020 பார்க்க வேண்டும். பூர்ஷேர் 2023-இல் ஃபார்முலா 2 சாம்பியன் ஆனார், வெஸ்டியைத் தாண்டித்தான். இருந்தும் எஃப்1 இருக்கை கிடைக்கவில்லை. பியாஸ்ட்ரி 2021-இல் ஃபார்முலா 2-ஐயும் முதல் வருடத்திலேயே ஜெயித்துவிட்டு, 2022 முழுக்க ரிசர்வ் ஓட்டுநராக உட்கார்ந்திருந்தார். பிறகு மெக்லாரன் அணிக்குப் போன கதை உங்களுக்கே தெரியும்.

இன்னொன்று. அந்த சீசனில் ஜேக் டூஹன் ஒரு புள்ளிகூட எடுக்கவில்லை. அடுத்த வருடம் டிரைடென்ட் அணிக்கு மாறி இரண்டாவது வந்தார். டென்னிஸ் ஹாகர் 2020-இல் ஹைடெக் அணியில் திணறினார், 2021-இல் பிரெமாவில் சாம்பியன். கார் எல்லோருக்கும் ஒன்றே என்று மேலே சொன்னேன் இல்லையா, அதைக் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். ஒரே காரை யார் எப்படித் தயார் செய்கிறார்கள் என்பதில் நிறைய இருக்கிறது. அதனால்தான் ஒரே அணிக்குள் நடந்த பியாஸ்ட்ரி, சார்ஜென்ட் சண்டையை நான் நம்புகிறேன், வெவ்வேறு அணிகளுக்கு நடுவிலான ஒப்பீட்டை அவ்வளவாக நம்புவதில்லை.

18 பந்தயத்துக்கும் நேரம் இல்லையென்றால் இந்த நான்கைப் பாருங்கள்: ரெட்புல் ரிங் முதல் வாரம் சனிக்கிழமை, பார்சிலோனா ஞாயிறு, மோன்சா சனிக்கிழமை, முஜெல்லோ ஞாயிறு. ஒவ்வொன்றும் முக்கால் மணி நேரத்துக்குப் பக்கத்தில்தான் வரும். முஜெல்லோவுக்கு முன்னால் புள்ளிப் பட்டியலை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள், அப்போதுதான் ஏழாவது இடத்துக்கான ஓட்டம் ஏன் அவ்வளவு படபடப்பு என்று புரியும்.