மரத்துக்குள் ஒரு வாசல்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: மரங்கள் உலகங்களுக்கு இடையே உள்ள வாசல்கள் என்ற மாயக் கோட்பாட்டை வைத்து ஒரு மிகுபுனைவு நாவல் எழுதி வருகிறேன். படித்துப் பார்த்த தோழி, "மரத்துக்குப் பதிலாகக் கிணற்றை வைத்தாலும் கதை மாறாதே" என்கிறார். அவருக்கு என்ன பதில் சொல்வது?
– வாசகி, தென்காசி

பதில்: தோழியின் கேள்வி நியாயமானது. அதற்கு விடை கிடைக்காத வரையில் உங்கள் நாவலில் மரம் வெறும் மேடைத் திரைதான்.

பழைய நம்பிக்கைகள் பலவற்றில் இதற்கு ஒரு விடை இருக்கிறது: வேர் மண்ணுக்குள்ளும் அடிமரம் மனிதர் நடுவிலும் உச்சி வானிலுமாக ஒரே உயிர் மூன்று இடங்களில் வாழ்கிறது. 13-ஆம் நூற்றாண்டில் ஐஸ்லாந்தில் ஏட்டில் எழுதப்பட்ட வட ஐரோப்பியப் புராணங்களில் இக்ட்ராசில் என்ற பெருமரம் வருகிறது. அதன் உச்சியில் உள்ள கழுகுக்கும் வேரைக் கடிக்கும் நாகத்துக்கும் இடையே ஓர் அணில் ஏறி இறங்கி வசைச்சொற்களைச் சுமந்து செல்கிறது. மெக்சிகோவின் பலெங்கேயில், 683-இல் இறந்த பகால் என்ற மாயா நாகரிக அரசரின் கல்பேழை மூடியில், சாய்ந்து கிடக்கும் அரசருக்கு மேலே உலக மரம் எழுந்து நிற்கிறது. மாயா மக்கள் புனிதமாகப் போற்றிய மரம் வேறொன்றும் இல்லை, நாம் தலையணைக்குப் பஞ்சு எடுக்கும் இலவ மரம்தான்.

ஆனால் இவை எல்லாம் ஏணிகள். மேலே ஏறலாம், கீழே இறங்கலாம், உள்ளே நுழைய முடியாது. உங்களுக்கு வேண்டியது வாசல் என்பதால், அதை அடிமரத்துக்குள் தேடுவதே நல்லது. முதிர்ந்த மரத்தின் நடுவில் உள்ள வைரம் பாய்ந்த பகுதி உயிரற்றது. பட்டைக்கும் கட்டைக்கும் இடையில் உள்ள கேம்பியம் என்ற மெல்லிய அடுக்குதான் உள்பக்கம் கட்டையையும் வெளிப்பக்கம் பட்டைத் திசுவையும் உருவாக்கிக்கொண்டே மரத்தைப் பருமனாக்குகிறது. ஆக, இறந்துபோன ஆண்டுகளை உள்ளே அடுக்கி வைத்து, அவற்றின் மேல் இன்றைய நாளைப் போர்த்திக்கொண்டு நிற்பது மரம். கிணற்றுக்கு இந்தக் குணம் கிடையாது.

இதையே விதியாக்கிக்கொள்ளுங்கள். மரத்துக்குள் ஒரு வளையம் நுழைந்தால் ஓர் ஆண்டு பின்னே போகலாம். மரம் பிறந்த ஆண்டைத் தாண்டி யாராலும் போக முடியாது. அப்படியானால், கலிஃபோர்னியாவின் வெள்ளை மலைகளில் 4,800 ஆண்டுகளுக்கும் மேலாக நிற்கும் பிரிசில்கோன் பைன் மரத்துக்காக மந்திரவாதிகள் போரிடுவதற்குக் காரணம் கிடைத்துவிடுகிறது. வெப்பமண்டல மரங்கள் பலவற்றில் ஆண்டு வளையங்கள் தெளிவாக இருப்பதில்லை என்பதால், நம் பக்கத்து மாந்திரீகர்கள் வளையம் தெளிவாகத் தெரியும் தேக்கைத் தேடித்தான் போக வேண்டியிருக்கும்.

விலையும் வேண்டும். ஓடின் என்ற தெய்வம் எழுத்துகளின் இரகசியத்தைப் பெறுவதற்காகத் தன்னையே ஈட்டியால் காயப்படுத்திக்கொண்டு ஒன்பது இரவுகள் மரத்தில் தொங்கியதாக, இக்ட்ராசில் வரும் அதே வட ஐரோப்பியப் புராணம் சொல்கிறது. உங்கள் கதையில் உள்ளே போகிறவர் மரத்தின் அந்த ஆண்டு வளர்ச்சியை உண்டுவிடட்டும். மழை பொய்த்த ஆண்டில் வளையம் குறுகலாக விழுவது இயல்பு என்பதால், வெட்டிய கட்டையைப் பார்ப்பவருக்கு அந்தக் குறுகல் வறட்சியால் வந்ததா, வழிப்போக்கரால் வந்ததா என்று தெரியவே தெரியாது.

கேள்வி: கதை தேரிக்காட்டில் நடப்பதால் முக்கியமான வாசலைப் பனையில் வைத்திருக்கிறேன். பொருந்துமா?

பதில்: பொருந்தாது. பனைக்குக் கேம்பியமும் இல்லை, ஆண்டு வளையமும் இல்லை. வெளிப்புறம் வைரமாகவும் உட்புறம் சோறாகவும் இருப்பது அது. புறத்தே வயிரம் உடையவற்றைப் புல் என்றும் அகத்தே வயிரம் உடையவற்றை மரம் என்றும் தொல்காப்பிய மரபியல் பிரித்துவிட்டதால், உங்கள் மந்திரவாதி ஒரு தமிழாசிரியராக இருந்தால் பனையைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார். அதற்காகப் பனையைக் கைவிட வேண்டியதில்லை. நம் ஊர்ப் பேய்க்கதைகளில் பேய் பனையில் தங்குகிறதே தவிர, அதன் வழியாக எங்கும் போவதில்லை. வாசல் கிடைக்காதவை காத்து நிற்கும் இடமாகப் பனையை வைத்துக்கொண்டு, வாசலை ஒரு தேக்கு மரத்துக்கு மாற்றிவிடுங்கள்.

கேள்வி: வாசலான மரத்தை வெட்டிவிட்டால் என்ன ஆகும்?

பதில்: வெட்டத் துணியாத ஊர்களும் உண்டு. அயர்லாந்தின் கிளேர் மாவட்டத்தில், லாட்டூன் என்ற இடத்தில் நின்ற ஒரு முள்மரம் தேவதைகள் கூடும் இடம் என்பதால், நெடுஞ்சாலைக்காக அதை அழிக்கக் கூடாது என்று 1999-இல் கதைசொல்லி எடி லெனிஹான் குரல் எழுப்பினார். சாலைத் திட்டம் மரத்தைக் காக்கும்படி மாற்றப்பட்டது.

உங்கள் கதைக்குக் கோடரி தேவையில்லை என்பது என் எண்ணம். மரத்தின் நடுப்பகுதி உளுத்துப் பொந்தாகிவிட்டாலும் அது பல்லாண்டுகள் தழைக்கும். அத்தகைய மரம் வழியாகப் போகிறவருக்கு இடையில் உள்ள ஆண்டுகள் அகப்பட்டாலும் தொடக்க ஆண்டுகள் அகப்படாது. ஆனால் பட்டையை அடிமரம் சுற்றிலும் ஒரு பட்டி அகலத்துக்கு உரித்துவிட்டால், இலைகள் செய்த உணவு வேருக்கு இறங்க வழியின்றி மரம் மெல்லப் பட்டுப்போகும். அதுவும் உடனே நடப்பதில்லை. இலைகள் மாதக்கணக்கில் பசுமையாகவே இருக்கலாம். ஒரு பேனாக்கத்தியோடு இரவில் வந்துபோகும் எதிரி போதும். மரத்துக்குள் போனவர்களுக்காகக் காத்திருக்கும் வீட்டார், தழையைப் பார்த்துவிட்டு இன்னும் நேரம் இருக்கிறது என்றே நினைத்துக்கொண்டிருப்பார்கள்.