44 வயதில் வந்த முல்லர்

கேள்வி: எனக்கு வயது 41. ஒரு தனியார் நிறுவனத்தின் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கிறேன். கல்லூரி நாட்களில் நாடகக் குழுவில் இருந்தேன். சில ஆண்டுகளாக, கிடைக்கும் விடுப்பையெல்லாம் செலவழித்துத் தொலைக்காட்சித் தொடர்களில் அப்பா, வக்கீல், இன்ஸ்பெக்டர் என்று சிறு வேடங்களில் நடித்து வருகிறேன். அண்மையில் ‘வசந்தத்தின் பதினேழு கணங்கள்’ என்ற பழைய சோவியத் தொடரை இணையத்தில் பார்த்தேன். அதில் நாஜி ஜெர்மனியின் இரகசியப் போலீஸான கெஸ்டபோவின் தலைவர் முல்லராக வரும் நடிகரை மறக்க முடியவில்லை. அவருக்குப் புகழ் வந்ததே 44 வயதில்தான் என்றும், எனக்கு இன்னும் மூன்று ஆண்டுகள் இருப்பதால் வேலையை விட்டு முழுநேரமாக இறங்கிவிட வேண்டும் என்றும் நண்பர் ஒருவர் சொல்கிறார். என் மனைவி தயங்குகிறார். அந்த நடிகர் எப்படி முன்னுக்கு வந்தார்? நான் வேலையை விடலாமா? அவர் நடித்ததில் வேறு எவற்றைப் பார்க்கலாம்?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், சென்னை

பதில்: அன்புள்ள வாசகருக்கு, உங்கள் நண்பர் சொன்ன வயதுக் கணக்கு சரிதான். முல்லராக நடித்த லியோனித் புரொனெவோய் 1928 டிசம்பர் 17 அன்று கீவ் நகரில் பிறந்தார். பன்னிரண்டு பகுதிகள் கொண்ட அந்தத் தொடர் 1973 ஆகஸ்டில் சோவியத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. ஆனால் அந்த 44 ஆண்டுகளில் அவர் எங்கே இருந்தார், எதைக்கொண்டு சாப்பிட்டார் என்பதை உங்கள் நண்பர் சொல்லவில்லை. நீங்கள் கேட்டிருக்கும் கேள்விக்கு விடை அங்கேதான் இருக்கிறது என்பதால், கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

புரொனெவோய் சிறுவனாக இருந்தபோது கீவ் இசைப்பள்ளியில் வயலின் கற்றவர். அவருடைய தந்தை சோவியத் உளவு, பாதுகாப்புத் துறையின் அதிகாரி. 1930-களின் பிற்பகுதியில், அந்தத் துறையே தன் ஆட்களையும் விழுங்கத் தொடங்கிய காலத்தில், தந்தை கைதாகி கொலீமா கட்டாய உழைப்பு முகாமுக்கு அனுப்பப்பட்டார்; தாயும் மகனும் கீரோவ் பகுதியிலுள்ள மல்மிஷ் என்ற சிற்றூருக்கு வெளியேற்றப்பட்டார்கள். தாய் மணவிலக்குப் பெற்றார். ‘மக்களின் பகைவனுடைய மகன்’ என்ற முத்திரையிலிருந்து பிள்ளையைக் காப்பாற்றுவதற்காக, ருஷ்ய வழக்கப்படி பெயரோடு சேர்ந்து வரும் தந்தை பெயரைக்கூட சொலொமோனவிச் என்பதிலிருந்து செர்கேயெவிச் என்று மாற்றினார்கள். அப்படிப்பட்ட ஒரு பிள்ளைதான் பின்னாளில் இரகசியப் போலீஸ் தலைவர் ஒருவரை, அச்சமூட்டும் அளவுக்கு வீட்டுப் பாங்கான மனிதராக நடித்துக் காட்டினார் என்பதை நினைத்துக்கொண்டு அந்தத் தொடரை இன்னொரு முறை பாருங்கள். இதிலிருந்து எளிய உளவியல் விளக்கம் ஒன்றை இழுத்துவிட எனக்கு விருப்பமில்லை. என்றாலும், அந்த விசாரணை அறைக் காட்சிகளில் கத்தல் எவ்வளவு குறைவு என்பது தற்செயலாக அமைந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

அவர் நடிப்புப் பயின்றது முதலில் தாஷ்கண்டில். 1950-இல் படிப்பு முடிந்ததும் மக்னித்தகோர்ஸ்க், ஒரென்பூர்க் ஆகிய ஊர்களின் நாடக அரங்குகளில் வேலை பார்த்தார். பிறகு, ஏற்கெனவே பட்டம் பெற்ற நடிகராக இருந்தும், 1953-இல் மாஸ்கோ கலை அரங்கின் பயிற்சிப் பள்ளியில் நேரடியாக மூன்றாம் ஆண்டில் சேர்ந்து மறுபடியும் மாணவரானார். 1955-இல் அதை முடித்ததும் மாஸ்கோவில் இடம் கிடைக்கவில்லை. குரோஸ்னி, இர்கூத்ஸ்க், வரோனெஷ் என்று மீண்டும் வெளியூர் அரங்குகளுக்கே போனார். 1962-இல்தான் தலைநகரில், மாலயா புரோன்னயா தெருவிலிருந்த நாடக அரங்கில் அவரைச் சேர்த்துக்கொண்டார்கள். இதற்கிடையில் மனைவியை இழந்து, சிறு பெண்குழந்தையைத் தனியாக வளர்க்கும் பொறுப்பும் அவர் மேல் விழுந்திருந்தது.

இவ்வளவு அலைச்சலிலும் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. சோவியத் நாட்டில் ஒவ்வொரு பெரிய ஊரிலும் அரசு நாடக அரங்கு இருந்தது. ஒவ்வொரு அரங்குக்கும் நிரந்தரக் குழு இருந்தது. குழுவில் இருப்பவருக்கு, அந்த மாதம் அவருக்குப் பெரிய வேடமோ சின்ன வேடமோ, மாதச் சம்பளம் வந்துவிடும். சம்பளம் சொற்பம்தான். தங்குவதற்குப் பொதுக் குடியிருப்பில் ஓர் அறை கிடைத்தாலே பெரிது. ஆனாலும் காலையில் ஒத்திகை, மாலையில் மேடை, வாரத்துக்குப் பல காட்சிகள், ஆண்டுக்குப் பல புதிய நாடகங்கள் என்று தொழில் ஓடிக்கொண்டே இருந்தது. திரைப்படத்தில் தலைகாட்டாத அந்தப் பத்துப் பதினைந்து ஆண்டுகளில் அவர் வாய்ப்புக்காகக் காத்திருந்தார் என்று சொன்னால் அது தவறு; அவர் தினமும் நடித்துக்கொண்டிருந்தார். 1960-களின் நடுவில் திரைக்கு வந்தபோதும், ‘தோழர் அர்சேனி’ என்ற படத்தில் ஜார் காலத்து ஜெண்டார்ம் (அரசியல் போலீஸ்) அதிகாரியாகச் சிறு வேடம்தான் கிடைத்தது. அதைக் கெடுத்துக்கொள்ளாமல் நடித்துவிட்டு அரங்குக்குத் திரும்பினார்.

முல்லர் வேடமும் அவரைத் தேடி நேராக வந்துவிடவில்லை. இயக்குநர் தாத்தியானா லியோஸ்னோவாவின் குழு அவரை முதலில் ஹிட்லர் வேடத்துக்குத்தான் சோதித்துப் பார்த்தது. முல்லராக அவரை அமர்த்தியபோது உண்மையான முல்லரின் படம் அவர்கள் கையில் இல்லை. உண்மை முல்லர் ஒல்லியான, கூரிய முகம் கொண்டவர் என்பது பிறகுதான் தெரியவந்தது. அதுவும் நன்மைக்கே என்றுதான் சொல்ல வேண்டும். யாரையும் போலச் செய்து காட்ட வேண்டிய கட்டாயம் இல்லாததால், பருத்த உடம்பும் களைத்த கண்களும் கொண்ட, வேலை முடிந்தும் வீட்டுக்குப் போகாத ஒரு தலைமைக் குமாஸ்தாவைப் போன்ற மனிதரை அவர் தாமே உண்டாக்கிக்கொண்டார்.

நீங்கள் கவனித்திருப்பீர்கள்: முல்லர் அடிக்கடி கழுத்தை ஒருபக்கமாக வெட்டி இழுப்பார். அவருக்குத் தைத்த சீருடையின் கழுத்துப்பட்டை இறுக்கமாக இருந்து தோலை உராய்ந்ததால், படப்பிடிப்பின்போது தம்மையறியாமல் அப்படிச் செய்ததாகப் புரொனெவோய் பின்னாளில் சொல்லியிருக்கிறார். அதைப் பார்த்த லியோஸ்னோவா, அந்தச் செய்கை பாத்திரத்துக்கு இருக்கட்டும் என்று முடிவு செய்தார். அதன்பின் அந்தக் கழுத்து வெட்டை எந்த இடத்தில் வைப்பது, எங்கே விடுவது என்பது நடிகரின் வேலையாயிற்று. அதைப் பல இடங்களில், முல்லர் தாம் கேட்டதை நம்பவில்லை என்று நமக்கு மட்டும் சொல்லும் விதத்தில் அவர் வைத்திருப்பதாக எனக்குப் படுகிறது.

கைரேகைக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். ருஷ்யர்களுக்கு வானொலியில் இரகசியச் செய்தி அனுப்பிய பெண்ணின் பெட்டியில் உங்கள் விரல் ரேகை எப்படி வந்தது என்று, ஜெர்மன் அதிகாரியாக வேடமிட்டிருக்கும் சோவியத் ஒற்றர் ஸ்டிர்லிட்ஸைக் கேட்டு, யோசித்துப் பார்க்கும்படி நிலவறையில் விட்டுவிட்டு முல்லர் போகிறார். ஸ்டிர்லிட்ஸாக வரும் வியாச்செஸ்லாவ் திகோனோவ் மேசைமேல் தீக்குச்சிகளை அடுக்கிக்கொண்டு, ஒரு பேச்சும் இல்லாமல் நீண்ட நேரத்தைச் சுமக்கிறார். அந்த மௌனத்துக்குக் கனம் எங்கிருந்து வருகிறது? சற்று முன் வெளியேறிய மனிதர் எவ்வளவு பொறுமையோடும் கரிசனத்தோடும் பேசிவிட்டுப் போனார் என்பதிலிருந்துதான். துணைப் பாத்திரம் அந்த அறையில் இல்லாதபோதும் அங்கே வேலை செய்துகொண்டிருக்கிறது. என் கருத்தில் அந்தத் தொடர் முழுவதிலும் மிகச் சிறந்த நடிப்பு இது. புரொனெவோய்க்கு 1976-இல் ருஷ்யக் குடியரசின் அரசுப் பரிசு கிடைத்ததும் முல்லருக்காகத்தான். ஸ்டிர்லிட்ஸ், முல்லர் பெயர்களில் நகைச்சுவைத் துணுக்குகள் ருஷ்யர்களிடையே இன்றும் உலவுகின்றன.

இனி, உங்கள் நண்பர் சொல்லாத இன்னொரு செய்தி. அந்தத் தொடருக்குப் பிறகும் புரொனெவோய் கதாநாயகன் ஆகிவிடவில்லை. அவர் பெயர் நிலைத்த படங்களில் அவருக்கு அமைந்தவை பெரும்பாலும் பக்கத்து வேடங்களே: ‘அதே முன்ஹவுசன்’ படத்தில் ஆட்சியை மறந்து தையலில் மூழ்கிக் கிடக்கும் கோமகன், ‘காதலின் சூத்திரம்’ படத்தில் நாட்டுப்புற மருத்துவர், ‘போக்ரோவ் வாயில்’ படத்தில் பொதுக் குடியிருப்பில் வாழும் மேடைப் பாட்டுக்காரர் வெலூரோவ். சோவியத் ஒன்றியத்தின் மக்கள் கலைஞர் என்ற உச்சப் பட்டம் 1987-இல் வந்தது. அடுத்த ஆண்டு மாஸ்கோவின் லென்கோம் அரங்குக்கு மாறினார். 2009-இல், தம் எண்பதாவது வயதில், செகாவின் ‘செர்ரித் தோட்டம்’ நாடகத்தில் முதிய வேலைக்காரர் ஃபீர்ஸாக மேடையேறினார். 2017 டிசம்பர் 9 அன்று காலமானார்.

புகழ் வந்த பிறகும் அரங்கின் சம்பளப் பட்டியலிலிருந்து தம் பெயரை அவர் எடுத்துக்கொள்ளவில்லை. அவர் ஒருவர் மட்டும் அப்படி என்று நினைக்க வேண்டாம். சோவியத் தமிழ் வெளியீடுகளில் ருஷ்ய நாட்டுக் கதைகளைப் படித்து வளர்ந்தவர்களுக்கு பாபா யாகா என்ற சூனியக் கிழவியைத் தெரிந்திருக்கும். திரையில் அந்தக் கிழவியாகவே பல படங்களில் வந்த கியோர்கி மில்லியார் என்ற ஆண் நடிகர், குழந்தைகள் படங்களை எடுத்த ஸ்டுடியோவின் ஊழியராகவே வாழ்ந்தார். அவருக்கு ருஷ்யக் குடியரசின் மக்கள் கலைஞர் பட்டம் 1988-இல் வந்தபோது வயது 84. புரொனெவோய்க்குக் கிடைத்தது போன்ற ஒரு முல்லர் அவருக்கு வரவேயில்லை. அதற்காக அவருடைய தொழில் நின்றுவிடவும் இல்லை.

எனவே, வேலையை விடாதீர்கள். உங்கள் மனைவியின் தயக்கத்தில் நியாயம் இருக்கிறது. புரொனெவோயின் பின்னால் இருந்த மாதச் சம்பளம் உங்களுக்கு இன்று கணக்குப் பிரிவிலிருந்துதான் வருகிறது. நாள் கணக்கில் கூலி தரும் தொடர் படப்பிடிப்பு அதற்கு ஈடாகாது; வீட்டு வாடகைக்காக எந்த வேடத்தையும் ஒப்புக்கொள்ளும் நிலைக்கு நீங்கள் வந்துவிட்டால், முல்லர் போன்ற ஒன்று வரும்போது அதைச் செய்யும் தெம்பு உங்களிடம் இருக்காது. உங்களிடம் குறைவாக இருப்பது தினசரிப் பயிற்சி. ஆண்டுக்குச் சில நாட்கள் கேமராவின் முன் நிற்பதை வைத்து அதை ஈடுகட்ட முடியாது. சென்னையில் மாலை நேரத்தில் ஒத்திகை நடத்தும் நாடகக் குழுக்கள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றில் சேர்ந்து, முதலில் கொடுக்கும் வேடம் இரண்டு வசனமே ஆனாலும் வாங்கிக்கொண்டு, ஒரே நாடகத்தைப் பலமுறை மேடையேற்றும் வாய்ப்பைப் பிடித்துக்கொள்ளுங்கள். விடுப்பு நாட்களையும் இனி பார்த்துச் செலவிடுங்கள்: இயக்குநர் உங்களிடம் பாத்திரத்தைப் பற்றி ஏதாவது பேசுகிற படப்பிடிப்புக்குப் போங்கள், வக்கீல் கோட்டை மாட்டிக்கொண்டு நாள் முழுக்க நாற்காலியில் உட்கார வைக்கிற இடத்துக்கு மறுபடி போக வேண்டியதில்லை. ஓரிரு ஆண்டுகளில் நடிப்பிலிருந்து வரும் வருமானம் சம்பளத்தில் பாதியையாவது தொடர்ந்து எட்டினால், இந்தக் கேள்வியை மனைவியோடு உட்கார்ந்து மறுபடி பேசலாம்.

வேறு எவற்றைப் பார்க்கலாம் என்று கேட்டிருந்தீர்கள். மாஸ்ஃபிலிம் நிறுவனம் தன் பழைய படங்கள் பலவற்றை ஆங்கில எழுத்துத் துணையோடு யூடியூபில் வைத்திருக்கிறது. 1982-இல் மிகயில் கசாகோவ் இயக்கிய ‘போக்ரோவ் வாயில்’ படத்தோடு தொடங்குங்கள். முல்லரைப் பார்த்த கண்ணுக்கு வெலூரோவ் அதே நடிகர்தானா என்று ஐயமே வரும். அடுத்து 2007-இல் அலெக்சேய் போபோகிரெப்ஸ்கி எடுத்த ‘எளிய விஷயங்கள்’. நோயில் விழுந்த முதிய நடிகர் ஒருவர், தமக்கு ஊசி போட வரும் மருத்துவரிடம் தம்மைச் சாகவிட உதவும்படி கேட்கிறார். அந்தப் படத்திலும் மையப் பாத்திரம் மருத்துவர்தான்; புரொனெவோய் பெரும்பாலும் ஒரே வீட்டுக்குள், உட்கார்ந்தும் படுத்தும் நடித்திருக்கிறார். மருத்துவர் பேசும்போது அவர் எப்படிக் கேட்கிறார் என்பதை மட்டும் தனியாக ஒருமுறை பாருங்கள். தொடர்களில் அப்பா வேடம் போடும் உங்களுக்கு அது உடனே பயன்படும்.