ரயிலடிக் கேள்வி பதில்: வெள்ளிப் பெயின்ட் அடித்தால் எஞ்சின் பிழைக்குமா?

போன இதழில் ஊட்டி ரயிலைப் பற்றி நாலு வரி எழுதப்போக, பழைய எஞ்சின்களைப் பற்றியே ஒரு கட்டுக் கடிதம் வந்து சேர்ந்துவிட்டது. நானும் ஒரு மீட்டர் கேஜ் ஷெட்டில் பிட்டராக இருந்து கரியும் கிரீஸும் பூசிக்கொண்டவன் என்பதால், இந்த முறை பக்கம் முழுக்க அதற்கே.

எங்கள் ஊர் ஸ்டேஷன் வாசலில் ஒரு பழைய நீராவி எஞ்சினை மேடை கட்டி நிறுத்தி, ராத்திரியில் கலர் விளக்கும் போடுகிறார்கள். இதுதான் பாதுகாப்பதா ஐயா?
*ஈரோட்டு வாசகர்*

உடைத்துப் பழைய இரும்புக்குப் போடாமல் விட்டார்களே, அந்த மட்டில் புண்ணியம். ஆனால் அந்த எஞ்சின் தினமும் கொஞ்சம் கொஞ்சமாகச் செத்துக்கொண்டிருக்கிறது. புகைபோக்கியை அண்ணாந்து பாருங்கள், வாய் திறந்தே இருக்கும். மழை பெய்தால் தண்ணீர் நேராக முன்பக்கத்துப் புகைப்பெட்டிக்குள் இறங்கும். கடைசியாக ஓடிய அன்று தங்கிய சாம்பல் அங்கே இன்னும் கிடந்தால், நிலக்கரிச் சாம்பலில் கந்தகம் உண்டு, ஈரம் பட்டால் அது அமிலமாகி அடித்தகட்டைத் தின்னும். பாய்லருக்கு மேலே ஒரு மெல்லிய தகட்டைச் சட்டை மாதிரி போர்த்தியிருப்பார்கள், அந்தச் சட்டைக்கும் பாய்லருக்கும் நடுவில் போன ஈரம் வெளியே வர வழியே இல்லை. வெளியே வருஷாவருஷம் புதுப் பெயின்ட், உள்ளே சல்லடை.

செய்ய வேண்டியது பெரிய செலவே இல்லை. புகைபோக்கிக்கு ஒரு தகர மூடி, புகைப்பெட்டியைச் சுரண்டிச் சுத்தம் செய்து அடியில் தண்ணீர் வடிய ஒரு துளை, சக்கரத்தைச் சுற்றும் ராடுகளுக்கும் சக்கர அச்சுகளுக்கும் கிரீஸ், முடிந்தால் மேலே ஒரு கொட்டகை. கலர் விளக்குக்கு ஆகும் காசில் பாதி போதும்.

ஒரு ஊரில் (பெயர் வேண்டாம்) நான் பார்த்த எஞ்சினுக்குத் தலை முதல் கால் வரை வெள்ளிப் பெயின்ட் அடித்து, எண் தகட்டின் மேலேயும் இழுத்துவிட்டிருந்தார்கள். எந்த எஞ்சின் என்றே தெரியவில்லை. கடைசியில் கனெக்டிங் ராடில் பெயின்டைச் சுரண்டி, அதில் உளியால் குத்தியிருந்த எண்ணைக் கண்டுபிடித்தோம். அதிலும் வேடிக்கை, ஒரு பக்க ராடில் ஒரு எண், மறுபக்க ராடில் வேறு எண். ஷெட்டில் அவசரத்துக்கு இன்னொரு எஞ்சினின் ராடைக் கழற்றி மாட்டியிருக்கிறார்கள். அந்த ரெண்டு எண்ணும்தான் அதன் ஜாதகம், அதைத்தான் பெயின்டால் மூடிவிட்டார்கள்.

1855-ல் செய்த எஞ்சின் சென்னையில் ஓடுகிறது என்று பெருமையாகச் சொல்கிறார்களே, எத்தனை பாகம் மாற்றியிருப்பார்கள்? அது அதே எஞ்சின்தானா?
*அம்பத்தூர் கல்லூரி மாணவர்*

நீங்கள் சொல்வது ஈஐஆர் (ஈஸ்ட் இந்தியன் ரயில்வே) 21, எக்ஸ்பிரஸ் என்று பெயர். இங்கிலாந்தின் லீட்ஸ் நகரத்தில் கிட்சன் கம்பெனி 1855-ல் செய்து, கப்பலில் கல்கத்தாவுக்கு வந்தது. இதன் கூடப்பிறந்ததுதான் ஈஐஆர் 22, ஃபேரி குயின். இரண்டும் 1909-ல் ஓய்வு பெற்றவை. ஃபேரி குயின் 1997-ல் மறுபடி ஓடத் தொடங்கி, வழக்கமாக ஓடும் எஞ்சின்களில் உலகத்திலேயே பழையது என்று கின்னஸில் ஏறியது. அக்காள் புகழோடு சுற்றிக்கொண்டிருக்க, தங்கை ஜமால்பூர் பட்டறையிலும் ஹவுராவிலும் காட்சிப் பொருளாக நூறு வருஷம் நின்றாள். அவளைப் பெரம்பூர் லோகோ ஒர்க்ஸ்காரர்கள் 2010-ல் உயிர்ப்பித்தார்கள்.

அதே எஞ்சின்தானா? திருவாரூர் ஆழித்தேருக்குத் திருச்சி பெல் நிறுவனம் ஹைட்ராலிக் பிரேக் பொருத்திக் கொடுத்ததே, அதனால் அது ஆழித்தேர் இல்லாமல் போய்விட்டதா? நீராவி எஞ்சின் ஓடிக்கொண்டிருந்த காலத்திலேயே பாய்லர் டியூபுகளை மாற்றுவது வாடிக்கை, பெரிய பழுதுக்குப் பட்டறைக்குப் போனால் முழு பாய்லரே வேறொன்றாக மாறித் திரும்பும். தொட்ட பாகமெல்லாம் 1855-ல் செய்ததாக இருந்த நாள் அதன் வாழ்க்கையில் முதல் சில வருஷம்தான். நான் கேட்பது வேறு கேள்வி: எதைக் கழற்றினோம், எதைப் புதிதாகப் போட்டோம், ஏன் போட்டோம் என்று எழுதி வைத்திருக்கிறார்களா? கழற்றிய பழைய பாகத்தைத் தூக்கிப் போடாமல் அடையாளச் சீட்டு கட்டி வைத்திருக்கிறார்களா? அது இருந்தால் எவ்வளவு மாற்றினாலும் எனக்குக் குறையில்லை. இல்லையென்றால் ஒரு நட்டு மாற்றினாலும் தப்புதான்.

ஊட்டி மலை ரயிலுக்கு ஏன் இன்னும் நீராவி? சும்மா சுற்றுலாக்காரர்களுக்காகத்தானே?
*கோவை வாசகி*

பாதி உண்மை. குன்னூருக்கு மேலே ஊட்டி வரை டீசல் எஞ்சின்தான் இழுக்கிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரைதான் நீராவி, அதில் கல்லாறு தாண்டியதும் தண்டவாளத்துக்கு நடுவில் பல் வைத்த இரும்புப் பட்டை வந்துவிடும். சரிவு பன்னிரண்டு அடிக்கு ஒரு அடி ஏறுகிற அளவு. வெறும் சக்கரம் வழுக்கும், பல்சக்கரம் கடித்து ஏற வேண்டும். இந்தியாவில் பயணிகளை ஏற்றிக்கொண்டு இப்படிப் பல் கடித்து ஏறும் ரயில் இது ஒன்றுதான்.

இந்த எக்ஸ் வகை எஞ்சின் ஸ்விட்சர்லாந்தின் விண்டர்தூரில் செய்தது. பக்கத்துக்கு இரண்டு சிலிண்டர், ஒன்றின் மேல் ஒன்றாக. பாய்லரிலிருந்து வரும் நீராவி முதல் சிலிண்டரில் வேலை செய்து சாதாரணச் சக்கரத்தைச் சுற்றும், சமதரையில் அதோடு சரி. மலை ஏறும்போது அந்த நீராவியை வெளியே விடாமல் இரண்டாவது சிலிண்டருக்கு அனுப்பினால் அது பல்சக்கரத்தைச் சுற்றும். ஒரே கரும்பை இரண்டு தரம் பிழிகிற மாதிரி. எஞ்சின் முன்னால் நின்று இழுக்காது, கீழ்ப் பக்கம் நின்று தள்ளிக்கொண்டு போகும். பெட்டி அறுந்தால் எஞ்சின் மேல்தான் சாயும், பள்ளத்துக்கு ஓடிப்போகாது. ஒவ்வொரு பெட்டியிலும் கொடியோடு நிற்கும் பிரேக்ஸ்மேனைப் பார்த்திருப்பீர்கள், அவரும் அதற்காகத்தான்.

எனக்கு இதில் பெருமை யுனெஸ்கோ பட்டம் (2005) அல்ல. பழைய எஞ்சின்கள் களைத்துப்போனபோது, திருச்சி பொன்மலைப் பட்டறை 2011 முதல் அதே மாதிரியில் நான்கு எஞ்சின்களை எண்ணெயில் எரியும்படி புதிதாகவே செய்தது. அப்புறம் 2021-ல் நிலக்கரி எஞ்சினும் ஒன்று. நீராவி எஞ்சின் செய்வதை நாடு நிறுத்தி நாற்பது வருஷம் ஆன பிறகு! மேற்கு வங்காளத்துச் சித்தரஞ்சன் எஞ்சின் ஆலையில் கடைசி அகல ரயில் நீராவி எஞ்சின் 1970-ல் வெளிவந்தது, 'அந்திம் சிதாரா', கடைசி நட்சத்திரம் என்று பெயர் வைத்து வழியனுப்பினார்கள். அப்படி முடிந்த கதையைப் பொன்மலையில் மறுபடி தொடங்க வரைபடம் மட்டும் போதாது. தகட்டை எந்தச் சூட்டில் வளைப்பது, பாய்லர் தகடுகளைப் பிடித்து நிறுத்தும் ஸ்டே போல்ட்டை எவ்வளவு இறுக்குவது என்பதெல்லாம் கையில் இருக்கிற விஷயம். அந்தக் கை ஓய்வு பெறுவதற்குள் அடுத்த கைக்குப் போயாக வேண்டும்.

இதெல்லாம் மக்கள் வரிப்பணத்தில் பழைய இரும்புக்குச் செய்யும் அபிஷேகம் இல்லையா?
*பெயர் போடாத வாசகர்*

தாத்தா போட்டோவுக்குக் கண்ணாடிச் சட்டம் போட்டிருக்கிறீர்களா? அதைக் கழற்றி விற்றுவிட்டு மறுபடி எழுதுங்கள், பேசுவோம்.

"மாயவரத்திலிருந்து தரங்கம்பாடிக்கு ரயிலில் போவோம்" என்கிறார் என் பாட்டி. அப்படி ஒரு ரயிலே இல்லையே, நம்புவதா?
*மயிலாடுதுறை வாசகி*

தாராளமாக நம்பலாம், பாட்டியிடம் மன்னிப்பும் கேளுங்கள். 1926-ல் வந்த பாதை, எண்பதுகளில் மூடிவிட்டார்கள்.

தென்னாட்டு ரயில் என்றால் அது மீட்டர் கேஜ்தான். தண்டவாளங்களுக்கு நடுவே ஒரு மீட்டர். அகல ரயிலுக்கு 1,676 மில்லிமீட்டர். பம்பாய்க்கு அடுத்து இந்தியாவில் மின்சார ரயில் ஓடிய நகரம் நம் சென்னைதான், கடற்கரையிலிருந்து தாம்பரத்துக்கு 1931-ல், அதுவும் மீட்டர் கேஜில். 1992-ல் எல்லாவற்றையும் ஒரே அகலமாக்குவது என்று முடிவெடுத்தார்கள். தப்பென்று சொல்ல மாட்டேன். திருச்சியில் மூட்டை மூட்டையாகச் சரக்கை ஒரு வண்டியிலிருந்து இறக்கி இன்னொன்றில் ஏற்றிய கூலிக்காரர்களின் முதுகைக் கேட்டால் தெரியும். ஆனால் அந்த அவசரத்தில் ஐந்து கிலோமீட்டர் பாதையைக்கூட நினைவுக்கென்று விட்டு வைக்கவில்லை. இன்று தமிழ்நாட்டில் மிச்சமிருக்கும் மீட்டர் கேஜ் அந்த ஊட்டிப் பாதை மட்டும். ஒய்பி, ஒய்ஜி என்ற மீட்டர் கேஜ் நீராவி எஞ்சின்கள் மேடை மேடையாக நிற்கின்றன, ஒன்றை எழுப்பி ஓட்டலாம் என்றாலும் அதன் காலுக்குப் பொருந்தும் தண்டவாளம் பக்கத்தில் கிடையாது. அந்த மாயவரம் பாதையில் கொஞ்சத்தை விட்டு வைத்திருக்கலாம் என்று எனக்கு ஒரு ஆதங்கம்.

செங்கோட்டை - கொல்லம் மலைப்பாதையில் மட்டும் கொஞ்சம் மனசு ஆறியது. 1904-ல் கட்டிய பதிமூன்று கண் பாலத்தை இடிக்காமல், வலுப்படுத்தி அகலப் பாதையை அதன் மேலேயே போட்டார்கள்.

பழைய பாம்பன் பாலத்தை அப்படியே விட்டுவிடலாமே?
*ராமநாதபுரம் ஆசிரியர்*

ஆசைதான். ஆனால் உப்புக் காற்றில் இரண்டு கிலோமீட்டர் இரும்பைப் பராமரிக்காமல் விட்டால், அது கடலில் விழுவதற்கு நாள் பார்த்துக்கொண்டிருப்பதாகத்தான் அர்த்தம். 1914-ல் திறந்த பாலம், 2022 டிசம்பரோடு ரயில் நின்றது, 2025-ல் புதுப் பாலம் வந்துவிட்டது. என் யோசனை: கப்பலுக்கு வழிவிட இரண்டு கைபோலத் தூக்குமே, அந்த ஷெர்ஸர் பகுதியையும், அதை ஆட்கள் கையால் சுற்றித் திறந்த சாதனத்தையும் கரையில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். 1964 புயலில் மற்ற இரும்பு உத்திரங்களில் பெரும்பாலானவை கடலில் போனபோதும் அது தாக்குப்பிடித்தது. ரயில்வே என்ஜினீயர் ஸ்ரீதரன் 46 நாளில் பாலத்தைச் சரிசெய்த கதையை அதன் நிழலில் நின்று சொன்னால்தான் பிள்ளைகளுக்கு உறைக்கும்.

இலங்கையில் இப்படி ஏதாவது உண்டா?
*வவுனியா வாசகர்*

கண்டிக்குப் போகும் வழியில் கடுகண்ணாவையில் 2014-ல் திறந்த தேசிய ரயில் அருங்காட்சியகம் இருக்கிறதே, ஒரு எட்டுப் போய்ப் பாருங்கள். நீராவி எஞ்சின் பூட்டிய வைஸ்ராய் ஸ்பெஷல் சுற்றுலா ரயிலும் உங்கள் ஊருடையதுதான்.

என் மாமனார் டிரைவராக இருந்தவர். அவருடைய கைவிளக்கு, பழைய கால அட்டவணைப் புத்தகங்கள், ஷெட்டில் எடுத்த போட்டோக்கள் ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருக்கின்றன. என்ன செய்யட்டும்?
*மதுரை வாசகி*

முதலில், பித்தளை விளக்கைப் புளி போட்டுத் தேய்க்காதீர்கள் அம்மா. பளபளப்பு வரும், அதில் குத்தியிருக்கும் ரயில்வே எழுத்து தேய்ந்துபோகும். போட்டோக்களின் பின்னால் பேனாவால் எழுதாமல் மென்மையான பென்சிலால் ஊர், வருஷம், நிற்பவர் பெயர் எழுதுங்கள். பெயர் தெரிந்தவர்கள் இன்னும் எத்தனை பேர் இருப்பார்கள் சொல்லுங்கள். பயணிகள் வாங்கும் அட்டவணை வேறு, ஊழியர்களுக்கென்று அச்சடித்த அட்டவணை வேறு. இரண்டாவது உங்களிடம் இருந்தால் அது தங்கம். எந்த வளைவில் எத்தனை வேகம், எங்கே தண்ணீர் பிடிக்கலாம் என்றெல்லாம் அதில் இருக்கும். எல்லாவற்றையும் படம் எடுத்து வைத்துக்கொண்டு, சென்னை ஐசிஎஃப் (ரயில் பெட்டித் தொழிற்சாலை) பக்கத்து ரயில் அருங்காட்சியகத்திலோ திருச்சி ரயில் அருங்காட்சியகத்திலோ கேளுங்கள். கொடுத்தால் எழுத்தில் ரசீது வாங்காமல் வராதீர்கள்.

மாமனார் நலமாக இருக்கிறாரா என்று நீங்கள் எழுதவில்லை. இருந்தால், இன்று சாயங்காலமே செல்போனைப் பக்கத்தில் வைத்து, "குளிர்ந்து கிடக்கும் எஞ்சினை எப்படி எழுப்புவீர்கள்?" என்று ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். விறகு, எண்ணெயில் நனைத்த பஞ்சு, பக்கத்து எஞ்சினிலிருந்து சட்டியில் கடன் வாங்கிய கங்கு, அழுத்தம் ஏறக் காத்திருக்கும் பாதி ராத்திரி, கரியை நடுவில் கொட்டாமல் பின்மூலைகளுக்கு வீசுவது என்று அவர் சொல்லிக்கொண்டே போவார். குறுக்கே பேசாதீர்கள். மடக்கித் திருத்தத் தோன்றினால் டீ போடப் போய்விடுங்கள்.

நீராவி எஞ்சின் மட்டும் ஏன் 'சிக்கு புக்கு' என்கிறது?
*நாலாம் வகுப்பு, தஞ்சாவூர்*

வேலை முடிந்த நீராவி சிலிண்டரிலிருந்து புகைபோக்கி வழியாக 'புஸ்' என்று மேலே பாயும் சத்தம் அது. பாயும்போது அடுப்புப் புகையையும் இழுத்துக்கொண்டு போகும், அதனால் அடுப்பில் காற்று ஏறித் தீ நன்றாக எரியும். எஞ்சின் வேகமாக ஓடினால் தீயும் வேகமாக எரியும், யாரும் ஊத வேண்டாம். இரண்டு சிலிண்டர் எஞ்சினில் சக்கரம் ஒரு சுற்று சுற்ற நாலு 'புஸ்'. ஊட்டி ரயிலில் போனால் ஹில்குரோவில் தண்ணீர் பிடிக்க நிற்பார்கள், கிளம்பும்போது ஜன்னல் பக்கம் உட்கார்ந்து எண்ணிப் பார்த்து எனக்கு எழுது.