மண்ணுக்குள் எரியும் நிலக்கரி: வாசகர் கேள்விகளும் பதில்களும்

(தன்பாத் பகுதிச் சுரங்கங்களில் பணியாற்றி ஓய்வுபெற்று, இப்போது மதுரை திருநகரில் வசிக்கும் சுரங்கப் பொறியாளர் ஒருவர் பதிலளிக்கிறார்.)

உசிலம்பட்டி வாசகர்: ஐயா, ஜார்க்கண்டின் ஜாரியாவில் நூறாண்டுகளுக்கும் மேலாகப் பூமிக்கடியில் தீ எரிவதாகப் படித்தேன். அவ்வளவு ஆழத்தில் காற்று ஏது?

பதில்: மனிதன் வெட்டிவைத்த வழியிலேயே காற்று உள்ளே செல்கிறது. பழைய தனியார் சுரங்கங்களில் கூரையைத் தாங்க நிலக்கரியையே தூண்களாக விட்டுவிட்டு, இடையில் உள்ளதை வெட்டி எடுத்தார்கள்; வெட்டிய இடத்தை மணலால் நிரப்பும் செலவைப் பலர் தவிர்த்தார்கள். காலப்போக்கில் தூண்கள் நசுங்கி, மேல்நிலம் அமிழ்ந்து, விரிசல் விட்டது. நிலக்கரிக்கு ஆக்சிஜனை உறிஞ்சித் தானே சூடேறும் இயல்பு உண்டு. காற்று பலமாக வீசினால் அந்தச் சூடு வெளியேறிவிடும். காற்றே புகாவிட்டால் சூடு உண்டாகாது. இரண்டுக்கும் இடைப்பட்டு மெல்லக் கசியும் காற்றுதான் நெருப்பை வளர்க்கிறது. இராமநாதபுரம் பக்கம் சீமைக் கருவேல விறகை அடுக்கிக் கரிமூட்டம் போடுபவர்கள், மண்பூச்சில் வெடிப்புக் கண்டால் உடனே அடைப்பதும் இதனால்தான். 1916-இல் முதன்முதலாகப் பதிவான ஜாரியாத் தீ, வெடிப்பை அடைக்க ஆளில்லாமல் விடப்பட்ட மூட்டம் என்பேன்.

திருமங்கலம் வாசகி: தண்ணீரை இறைத்து அணைத்துவிட முடியாதா?

பதில்: தண்ணீர் பள்ளம் பார்த்து ஓடிவிடும், தீயோ மேட்டில் உள்ள நிலக்கரியிலும் இருக்கும். மேலும், கனன்று கொண்டிருக்கும் கரியில் நீராவி பட்டால் ஹைட்ரஜனும் கார்பன் மோனாக்சைடும் உண்டாகும், இரண்டுமே எரிவாயுக்கள். ஆகவே மண்ணைக் கொட்டி மூடுதல், நைட்ரஜன் செலுத்துதல், அகழி வெட்டித் தீயைத் துண்டித்தல் ஆகியவையே நடைமுறை. எரியும் கரியைத் தோண்டி எடுத்துவிடுவதும் உண்டு. அதற்கு மேலே குடியிருப்போரை முதலில் வேறிடத்தில் அமர்த்த வேண்டும். தொழில்நுட்பத்தைவிட அதுவே கடினம்.

மேலூர் வாசகர்: எங்கள் பக்கத்துக் கிரானைட் குவாரிகளிலும் இப்படித் தீப்பிடிக்குமா?

பதில்: பிடிக்காது, கிரானைட் எரியும் பொருளன்று. ஆனால் கைவிடப்பட்ட குழியில் தேங்கும் நீரை நீங்கள் பார்த்திருப்பீர்கள். நிலக்கரிச் சுரங்கத்தில் அதுவே எமன். 1975 டிசம்பர் 27 அன்று தன்பாத் அருகே சாஸ்னாலாவில் நீர் உடைத்துக்கொண்டு பாய்ந்ததில் 370-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். 1989 நவம்பரில் மேற்கு வங்கத்து ராணிகஞ்சின் மகாவீர் சுரங்கத்திலும் வெள்ளம் புகுந்தது. அங்கே சுரங்கப் பொறியாளர் ஜஸ்வந்த் சிங் கில் மேலிருந்து துளையிட்டு, அதன் வழியே எஃகுக் கூண்டு இறக்கி, 65 பேரை ஒருவர்பின் ஒருவராக மேலேற்றச் செய்தார். பாதுகாப்பு மேலாளர்கள் பழைய வெற்றிடங்களின் வரைபடத்தைக் கையில் வைத்துக்கொள்ளாமல் ஒரு வெட்டுக்கும் அனுமதி தரக்கூடாது என்பது என் உறுதியான கருத்து.

மதுரைக் கல்லூரி மாணவர்: உலகின் மிகப் பெரிய சுரங்க விபத்து எது? அதற்கும் தீதானா காரணம்?

பதில்: 1942 ஏப்ரல் 26 அன்று, ஜப்பானியர் கட்டுப்பாட்டில் இருந்த சீனாவின் பென்ஷிஹூ சுரங்கத்தில் 1,549 பேர் இறந்தனர். வெடிப்பில் தொடங்கியது உண்மைதான். ஆனால் தீயை அடக்குவதற்காகக் காற்றோட்டத்தை நிறுத்தி வாயில்களை அடைத்ததால், பெரும்பாலோர் கார்பன் மோனாக்சைடால் மூச்சடைத்து மாண்டனர். மீத்தேன் காற்றில் ஏறத்தாழ 5 முதல் 15 சதவீதம் வரை கலந்திருக்கும்போது வெடிக்கும். அந்த வெடிப்பு கிளப்பும் கரித்தூளும் பற்றிக்கொண்டால், சுரங்கப் பாதை நெடுகத் தீ ஓடும். 1906-இல் பிரான்சின் கூரியேரில் 1,099 உயிர்களைக் குடித்தது கரித்தூள் வெடிப்புத்தான்.

திருப்பரங்குன்றம் வாசகி: நெய்வேலியிலும் இந்த ஆபத்து உண்டா?

பதில்: பழுப்பு நிலக்கரி எளிதில் தானே சூடேறக்கூடியது, ஆகவே குவித்துவைத்த கரியைக் கவனித்தே ஆக வேண்டும். ஆனால் நெய்வேலியில் நடப்பது திறந்தவெளிச் சுரங்கம். தீ மூண்டால் கண்ணுக்குத் தெரியும், இயந்திரம் அருகே செல்ல முடியும். அங்கே பெரும் சவால், கரிப்படுகைக்கு அடியில் அழுத்தத்தோடு நிற்கும் ஊற்றுநீர்; அதை இடைவிடாமல் இறைத்துக்கொண்டேதான் வெட்டுகிறார்கள்.