புகைபோக்கி இல்லாத வீடுகள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வேலை நிமித்தமாக மூன்று ஆண்டுகளாக வியன்னாவில் இருக்கிறேன். சென்ற மாதம் நண்பரின் காரில் செக் நாட்டின் புர்னோ நகருக்குப் போனோம். நெடுஞ்சாலையை விட்டுவிட்டு ஊர்களின் வழியே போகும் பழைய சாலையில் போகலாம் என்றார். ஓரிடத்தில், ஊரைத் தாண்டியதும் மேட்டுச் சரிவில் வரிசையாகச் சின்னச் சின்ன வெள்ளை வீடுகள். எல்லாம் பூட்டிக் கிடந்தன. ஆள் நடமாட்டமே இல்லை. சன்னல் என்று சொல்லும்படி எதுவும் இல்லை, புகைபோக்கியும் இல்லை. எல்லைக்குப் பக்கம் என்பதால், போர்க்காலத்தில் துரத்தப்பட்டவர்களின் வீடுகளோ என்று நினைத்துக்கொண்டேன். மனது ஒரு மாதிரி ஆகிவிட்டது.

ஆஸ்திரிய ஒயின் பற்றிய உங்கள் பழைய குறிப்பில் ‘ரோமானியர் கொண்டுவந்த திராட்சைக் கொடி’ என்று ஒரு வரி உண்டு. இந்தப் பகுதியைப் பற்றி ஒன்றுமில்லை. மலை என்றும் சொல்ல முடியாத இந்த மேடுகளுக்கு ஏதாவது வரலாறு இருக்கிறதா?

கு., வியன்னா

*

அன்புள்ள கு.,

அந்த வீடுகளில் எந்தக் காலத்திலும் யாரும் குடியிருந்ததில்லை. ஆகவே அங்கிருந்து யாரும் துரத்தப்படவும் இல்லை. ஆனால் உங்கள் சந்தேகம் முழுக்கத் தப்பும் இல்லை. அதற்குக் கடைசியில் வருகிறேன்.

நீங்கள் பார்த்தது ஒரு கெல்லர்காஸெ. நிலவறைத் தெரு என்று சொல்லலாம். முன்னால் தெரிகிற வெள்ளை வீடு திராட்சை பிழியும் இடம். பெரிய ஓக் உத்தரம் ஒன்றை நெம்புகோலாக்கி, நுனியில் கல்லைத் தொங்கவிட்டுப் பிழிவார்கள். பின்சுவரில் ஒரு கதவு. அதைத் திறந்தால் படிகள் இறங்கி, மேட்டின் வயிற்றுக்குள் நீளமான குகை போகும். ஒயின் பீப்பாய்கள் அங்கே. கோடையோ பனிக்காலமோ, உள்ளே குளிர் ஏறக்குறைய ஒன்றுதான், 10 டிகிரியை ஒட்டி. சமைப்பதற்கோ தங்குவதற்கோ கட்டியதல்ல, அதனால் புகைபோக்கி இல்லை. ஹாட்ரெஸ் என்ற ஊரில் இப்படி ஒரு தெரு 1.6 கிலோமீட்டர் நீளம் போகிறது.

ஏன் ஊருக்கு வெளியே? ஊர்கள் எல்லாம் ஓடைக்கரையில் இருக்கின்றன. அங்கே தோண்டினால் தண்ணீர் வந்துவிடும். சரிவுகளில் இருப்பதோ லோயஸ், நம் பள்ளிப் பாடநூல் சொல்லும் காற்றடி வண்டல். பனியுகத்தில் புல் பூண்டு இல்லாத ஆற்றுப் படுகைகளிலிருந்து காற்று அள்ளிவந்து கொட்டிய நுண்மண். பல இடங்களில் பல மீட்டர் கனம். அதிலுள்ள சுண்ணாம்பு துகள்களைக் கட்டிப் பிடித்திருப்பதால், காய்ந்திருக்கும்வரை செங்குத்தாக வெட்டினாலும் நிற்கும். மண்வெட்டி போதும், செங்கல் வேண்டாம். அந்தத் தெருக்களே அப்படி உண்டானவைதான். வண்டிச் சக்கரமும் மழையும் பாதையை அறுத்து அறுத்துப் பள்ளமாக்க, இரண்டு பக்கமும் மண்சுவர் எழுந்துவிட்டது. அதைக் குடைந்தார்கள்.

குடைந்த இடத்தில் ஒரு ஆபத்தும் உண்டு. சாறு நொதிக்கும்போது கரியமில வாயு வரும். அது கனமானது, குகையின் அடியில் தேங்கிவிடும். அறுவடைக் காலத்தில் மெழுகுவர்த்தியை ஏற்றி இடுப்புக்குக் கீழே பிடித்துக்கொண்டுதான் இறங்குவார்கள். சுடர் அணைந்தால் அப்படியே திரும்பி ஏற வேண்டும். ஏறாமல் செத்தவர்கள் உண்டு.

இந்தப் பகுதியின் பெயர் வைன்ஃபியர்டெல். ‘ஃபியர்டெல்’ என்றால் கால், நாலில் ஒரு பங்கு. கீழ் ஆஸ்திரியா என்ற மாநிலத்தை நான்காகப் பிரித்ததில் வடகிழக்குக் கால் இது. மேற்கே மன்ஹார்ட்ஸ்பெர்க் என்ற 537 மீட்டர் மேடு. அதற்கு அப்பால் காட்டுக் கால், கருங்கல் பூமி, குளிர். மழையின் பெரும்பகுதி அங்கேயே இறங்கிவிடுவதால் இங்கே ஆண்டுக்கு 500 மில்லிமீட்டரை ஒட்டித்தான் கிடைக்கிறது. இன்று ஆஸ்திரியாவின் மிகப் பெரிய திராட்சைப் பகுதி இதுதான்.

மலை என்று சொல்ல முடியாது என்கிறீர்கள். மிக உயரமான புஷ்பெர்க்கே 491 மீட்டர்தான். ஆனால் ஆல்ப்ஸ் கிழக்கே வந்து மண்ணுக்குள் மூழ்கி, மறுபடி கார்பேத்தியன் மலையாகத் தலை தூக்குவதற்கு முன்னால், நடுவில் அங்கங்கே முதுகு தெரிகிற இடம் இது. வயலுக்கு நடுவே சம்பந்தமே இல்லாமல் எழும் ஸ்டாட்ஸ், ஃபால்கென்ஸ்டைன் சுண்ணாம்புப் பாறைகள் அந்த முதுகெலும்பின் துண்டுகள். சுற்றிலும் ஒரு காலத்தில் கடல். கொர்னொய்பர்க் பக்கம் ஷ்டெட்டன் என்ற ஊரில், ஏறத்தாழ 1.7 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய சிப்பிப் படுகை ஒன்றைத் தோண்டி எடுத்து அப்படியே காட்சிக்கு வைத்திருக்கிறார்கள். ஆயிரக்கணக்கான சிப்பிகள், சில முழங்கை நீளம். உங்கள் வீட்டிலிருந்து அரை மணி நேரம்தான், போய்ப் பாருங்கள்.

அப்புறம் அந்த ரோமானிய வரி. அது என் பிழை. ரோமப் பேரரசின் எல்லை தன்யூப் ஆறு. வைன்ஃபியர்டெல் அதற்கு வடக்கே, மார்கோமன்னி, குவாடி இனத்தார் இருந்த பக்கம். பேரரசுக்கு வெளியே இருந்த மண்ணை வைத்துக்கொண்டு ரோமானியர் புகழ் பாடியிருக்கிறேன். தெற்கிலும் அவர்கள் முதலாமவர்கள் அல்ல. ஆஸ்திரியாவின் கிழக்கு மாநிலமான பூர்கென்லாந்தின் சாகெர்ஸ்டோர்ஃப் ஊரில் ஒரு புதைமேட்டில் திராட்சை விதைகள் கிடைத்தன, அவை சுமார் கி.மு. 700-ஐச் சேர்ந்தவை.

இந்த மேடுகளில் கொடி பெருகியது இடைக்காலத்தில், மடாலயங்களாலும் பிரபுக்களாலும். நிலம் அவர்களுடையது. குடியானவன் விளைச்சலில் பத்தில் ஒன்றைக் கொடுத்தான். 1784-இல் பேரரசர் இரண்டாம் யோசேப்பு, தன் தோட்டத்து ஒயினைத் தானே விற்றுக்கொள்ள விவசாயிகளுக்கு அனுமதி கொடுத்தார். 1848-இல் நிலப்பிரபுக்களின் உரிமைகள் ஒழிந்தன. நீங்கள் பார்த்ததைப் போன்ற தெருக்கள் பெரும்பாலும் 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் உருவானவை. எனக்கு இந்தத் தெருக்கள் பிடித்துப்போனதற்குக் காரணம் இதுதான். கோட்டையோ மடாலயமோ இல்லை, குடியானவன் தனக்காகத் தானே தோண்டிக்கொண்டது. வீட்டின் அளவைப் பார்த்தாலே தெரியும்.

இங்கே எங்கும் தென்படும் க்ரூனர் வெல்ட்லினர் என்ற திராட்சை ரகம் ஆதியிலிருந்தே ஆட்சி செய்ததாக ஊர்க்காரர்கள் சொல்வார்கள். ஆனால் அது இவ்வளவு பரவியது இரண்டாம் உலகப் போருக்குப் பிறகுதான். லென்ஸ் மோசர் என்பவர் கொடியை உயரமாக வளர்த்து, வரிசைகளுக்கு நடுவே சுமார் 3 மீட்டர் இடம் விடும் முறையைக் கொண்டுவந்தார். டிராக்டர் உள்ளே நுழைந்தது. அந்த முறைக்கு இந்த ரகம் நன்றாகப் பொருந்தியது. குடித்தால் லேசாக மிளகு வாசம் வரும். கற்பனை இல்லை, மிளகில் இருக்கும் ரோட்டண்டோன் என்ற சேர்மம் இதிலும் இருக்கிறது.

இனி உங்கள் சந்தேகம். நீங்கள் போன புர்னோ சாலை, வியன்னாவுக்கு வடக்கிலிருந்து வரும் வாசல். ஒளிய மலையில்லாத நாடு, படைகளுக்குச் சௌகரியம். 1645-இல் சுவீடன்காரர்கள், 1805-இலும் 1809-இலும் நெப்போலியன், 1866-இல் பிரஷ்யர்கள். 1945 ஏப்ரலில் சோவியத் செஞ்சேனை வந்தபோது ஊர்க்காரர்கள் நிலவறைகளில்தான் பதுங்கினார்கள். அதே ஆண்டு மே மாதக் கடைசியில், புர்னோவிலிருந்து ஜெர்மன் மொழி பேசும் 20,000-க்கும் மேற்பட்டவர்களைத் துரத்தி, எல்லையை நோக்கி நடக்கவைத்தார்கள். பெரும்பாலும் பெண்கள், குழந்தைகள், கிழவர்கள். வழியில் வயிற்றுப்போக்கு பலரைக் கொன்றது. எல்லை தாண்டியவர்களிலும் நூற்றுக்கணக்கானோர் டிராசென்ஹோஃபென், பொய்ஸ்டோர்ஃப் போன்ற சாலையோர ஊர்களில் இறந்து அங்கேயே புதைக்கப்பட்டார்கள். நாஜி ஆட்சி அந்த நகரில் செய்ததற்கான பழிவாங்கல் அது. பழி விழுந்தது நடக்க முடியாதவர்கள் தலையில். ஆக, துரத்தப்பட்டவர்கள் நீங்கள் போன சாலையில் வந்தது உண்மை. பூட்டிய வீடுகள் மட்டும் அவர்களுடையவை அல்ல.

பூட்டுக்குக் காரணம் வேறு, ரொம்பச் சாதாரணமானது. 1960-களுக்குப் பிறகு எஃகுத் தொட்டிகளும் நவீன பிழிபொறிகளும் வந்தன. அவற்றைக் குகைக்குள் கொண்டுபோக முடியாது. வேலை ஊருக்குள் இருக்கும் கொட்டகைகளுக்கு மாறிவிட்டது. எல்லையில் இரும்புத்திரை இருந்த 1989 வரை வடக்கு ஊர்கள் முட்டுச்சந்துகளாகக் கிடந்தன, இளைஞர்கள் வியன்னாவுக்குப் போய்விட்டார்கள். குகையைக் கவனிக்க ஆள் இல்லையென்றால் ஈரம் இறங்கும், லோயஸ் சரியும். சில தெருக்களில் அப்படி உட்கார்ந்துபோன கூரைகளைப் பார்க்கலாம்.

ஆனால் எல்லாமே பூட்டிக் கிடப்பதில்லை. சனி ஞாயிறில், குறிப்பாகச் செப்டம்பர், அக்டோபரில் போங்கள். ஏதாவது ஒரு கதவுக்கு மேலே கம்பில் பச்சைத் தழைக் கொத்து தொங்கினால் கடை திறந்திருக்கிறது என்று பொருள், தயங்காமல் நுழையலாம். காரை யார் ஓட்டுவது என்பதை மட்டும் நண்பரிடம் முதலிலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்