அந்திக்கு ஏன் இவ்வளவு மவுசு?

கேள்வி: காதலோ பிரிவோ சாவோ, சினிமாவில் உடனே அந்தி வானத்தைக் காட்டிவிடுகிறார்களே, அப்படி என்ன இருக்கிறது அதில்?
- ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: பாதிப் பேர் பழக்கதோஷத்தில் வைப்பதுதான், அதை விடுங்கள். ஆனால் அதற்காகவே மெனக்கெட்டவர்களும் உண்டு. 1978-ல் வந்த 'டேஸ் ஆஃப் ஹெவன்' கிடைத்தால் பாருங்கள். கதை நடப்பது டெக்சாஸில், எடுத்தது கனடாவின் ஆல்பர்ட்டாவில். இயக்குநர் டெரன்ஸ் மாலிக்கும் ஒளிப்பதிவாளர் நெஸ்டர் அல்மென்ட்ரோஸும் பகலெல்லாம் ஏற்பாடு செய்துவிட்டு, சூரியன் மறைந்து இருட்டுவதற்குள் கிடைக்கும் இருபது சொச்சம் நிமிஷத்தில் ஓடி ஓடி எடுத்த காட்சிகள் அதில் ஏராளம். அந்த நேரத்தில் நிழல் விழாது, வெளிச்சம் எங்கிருந்து வருகிறதென்றே பிடிபடாது. அண்ணன் தங்கை என்று பொய் சொல்லிக்கொண்டு கோதுமைப் பண்ணையில் கூலி வேலை பார்க்கும் காதலர்களின் கதை அது. இந்த வாழ்வு இவர்களுக்கு நிலைக்காது என்பதை ஒரு வசனமும் இல்லாமல் அந்த வெளிச்சமே சொல்லிவிடுகிறது. ஒளிப்பதிவுக்கான ஆஸ்கார் சும்மா வரவில்லை.

கேள்வி: ஆறு மணிக்கு மேல் வீட்டில் தனியாக இருந்தால் மனசு கனத்துப்போகிறது. எனக்கு மட்டும்தானா?
- ஒரு வாசகி, கோவை

பதில்: வள்ளுவர் இதற்கென்றே 'பொழுதுகண்டிரங்கல்' என்று ஓர் அதிகாரம் ஒதுக்கியிருக்கிறார், காலையில் அரும்பி, பகலெல்லாம் போதாகி, மாலையில் மலரும் நோய் என்கிறார், அப்புறம் நீங்கள் மட்டும் எப்படி? முல்லைத் திணைக்குப் பொழுது மாலை. மேயப் போன மாடும் வெளியே போன ஆளும் வீடு திரும்பும் நேரம் அது, திரும்பாதவர் யார் என்பது உறைப்பதும் அப்போதுதான். ஆனால் குறுந்தொகையில் மிளைப்பெருங்கந்தன் இன்னும் ஒரு படி மேலே போகிறார். முல்லை பூக்கும் நேரத்தை மாலை என்பவர்கள் மயங்கியவர்களாம், துணை இல்லாதவர்களுக்குக் கோழி கூவும் விடியலும் மாலைதான், பகலும் மாலைதான். என் ஓட்டு இவருக்கே. அதனால் பொழுதின் மேல் பழி போடாமல், ஆறு மணிக்கு யாருக்காவது போன் போடுங்கள்.

கேள்வி: செல்போனில் அந்தியைப் பிடிக்கலாம் என்று போனால் அதற்குள் இருட்டிவிடுகிறதே?
- ஒரு வாசகர், நாகர்கோவில்

பதில்: நம் ஊரில் சூரியன் ஏறக்குறைய செங்குத்தாக இறங்குகிறது, ஐரோப்பாவின் வடக்கே சாய்வாக நழுவுவதால் அந்தி நீளும். நமக்கு நல்ல வெளிச்சம் அரை மணி நேரம்கூட நிற்காது. டிரைபாடை முன்கூட்டியே நிறுத்திவிடுங்கள். டீயும் வடையும் முடித்துவிட்டு எடுக்கலாம் என்றால் வடை மட்டும்தான் மிச்சம்.