நோட்டில் இல்லாததை முதலில் எழுதுங்கள்

கேள்வி: தோவாளைப் பக்கம் பேரெடுத்த வில்லுப்பாட்டு ஆசான் ஒருவரிடம் 16 வருஷம் உடுக்கை அடித்தேன். கோயில் கொடை விழாவுக்கு அச்சாரம் வாங்குவது முதல் எல்லாம் என் பொறுப்பு. தை மாசம் ஆசான் தவறிவிட்டார். அவர் கைப்பட எழுதிய 11 நோட்டுகளும் பழைய கேசட்டுகளும் என் வீட்டில்தான் இருக்கின்றன. "அப்பா சொத்து, தந்திரு" என்கிறார் அவர் மகன். தந்தால் பரணில் போட்டுவிடுவாரோ என்று பயம். நான் வைத்துக்கொள்ளலாமா?

பதில்: தம்பி, ஆசான் உங்களுக்கென்று எழுதிவைக்கவில்லை என்றால் அந்த நோட்டுகள் வாரிசுகளுடையவை. சுடலைமாடன் கதை போன்ற பழங்கதை யாருக்கும் தனிச்சொத்து இல்லை. ஆனால் ஆசான் சொந்தமாகக் கட்டிய பாட்டுகளின் காப்புரிமை, அவர் இறந்த பிறகும் 60 ஆண்டுகள் குடும்பத்துக்கே உண்டு. அதனால் திருப்பிக் கொடுங்கள். அதற்கு முன் ஒரு படி எடுத்துக்கொள்ள மகனிடம் சம்மதம் கேட்டு, நாலு வரி எழுதி இருவரும் கையெழுத்துப் போடுங்கள்.

ஆனால் எனக்கு நோட்டைப் பற்றி அவ்வளவு கவலையில்லை. பல வருஷம் முன்பு ஒரு புலவரின் நோட்டைப் பார்த்துப் படியெடுத்தேன். காப்பு, வருபொருள், குருவடி, அவையடக்கம் என்று கதைக்கு முன் பாடுகிற பகுதிகள் எல்லாம் ஒழுங்காக இருந்தன. கதை சூடுபிடிக்கிற இடத்தில் "இங்கே வசனம்" என்று இரண்டே சொல். அந்த இடத்தில் அவர் அரைமணி நேரம் பேசுவாராம், பெண்கள் அழுதுவிடுவார்களாம். என்ன பேசினார் என்று சொல்ல நான் போனபோது ஒருவரும் இல்லை. இன்றும் அந்தப் பக்கத்தைத் திறந்தால் மனசு கனத்துப் போகிறது.

உங்கள் ஆசானின் "இங்கே வசனம்" உங்கள் காதில் இருக்கிறது. சாமியாடிக்கு அருள் வந்ததும் ஆசான் எந்தப் பாட்டடியைத் திரும்பத் திரும்பப் பிடிப்பார்? வில்லின் நாணை அடிக்கும் வீசுகோலை எப்போது ஓங்கி, எப்போது மெல்ல விடுவார்? விடியும்போது கதையை எங்கே சுருக்குவார்? இது உடுக்கைக்காரனுக்குத் தெரியும். பாட்டைக் கேட்டு மயங்கிக் கிடந்த ஊருக்குத் தெரியாது. குடம் அடித்தவரையும் ஜால்ரா போட்டவரையும் கூப்பிட்டு உட்காருங்கள். ஒரு நாளைக்கு ஒரு கதை போதும். போனில் பதிவு செய்து, அன்று ராத்திரியே எழுதிவிடுங்கள். இதைத் தள்ளிப் போடாதீர்கள், தம்பி.

கேசட் விஷயத்தில் அவசரம் வேண்டாம். தென்மேற்கு, வடகிழக்கு என்று நம் குமரி மாவட்டத்துக்கு இரண்டு மழை; நாடாவில் பூசணம் எளிதில் பிடிக்கும். வெள்ளைப் படலம் தெரிந்தால் வீட்டு டேப்ரெக்கார்டரில் ஓட்டிப் பார்க்காதீர்கள். மேல் விளிம்பில் இருக்கும் இரண்டு சின்னப் பிளாஸ்டிக் தாழ்களை உடைத்துவிட்டால், தெரியாமல் மேலே பதிவாகாது. டிஜிட்டலாக மாற்றுபவரிடம் எம்பி3 மட்டும் போதாது, ஒலியைச் சுருக்காத வேவ் கோப்பும் வேண்டும் என்று கேளுங்கள். நோட்டுக்கு லேமினேஷன் கூடாது, செல்லோடேப்பும் கூடாது. மகன் சம்மதித்தால், ஒரு படி பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையத்துக்குப் போகட்டும்.

முதல் பதிவுக்கே மகனையும் அழையுங்கள். அவர் உங்களைச் சந்தேகப்படுகிறார் என்று நினைக்காதீர்கள். அப்பாவின் கையெழுத்து அடுத்த வீட்டில் இருப்பது எந்த மகனுக்கும் வலிக்கும். சின்ன வயசில் வில்லுக்குப் பக்கத்தில் சாக்கு விரித்துத் தூங்கிய பிள்ளையாக இருந்தால், அப்பா எந்த வரியில் மூச்சு வாங்குவார் என்று உங்களுக்கே அவர் சொல்லித் தரக்கூடும்.